வெள்ளைக்காரி எந்தக் குடி?

இடம் கொடுத்தால் மடம் பிடுங்குவான் என்பார்கள். இலட்சுமிப்பிள்ளை இடமும் கொடுக்கவில்லை, பிடுங்க வந்தது மடமும் இல்லை. இடத்தைக் கொடுத்தவர் அவள் புருஷன் வல்லிபுரம். பிடுங்க வந்தது மட்டக்களப்பு வாவிக்கரை ஆங்கில இலக்கிய விருத்திச் சபை. இந்தப் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் ஒருவன் தோணியேறி வவுணதீவுக்குப் போய்ச் சேர்ந்துவிடலாம்.

வீடு இலட்சுமிப்பிள்ளைக்குத் தாய் கொடுத்த சீதனம். தாய்க்கு அவளுடைய தாய் கொடுத்தது. எங்கள் பக்கத்தில் வீடென்றால் பெண்ணுக்குத்தான். தமிழரானாலும் சரி, காத்தான்குடிச் சோனக முஸ்லிம்களானாலும் சரி, மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்து இருக்கவேண்டும். வல்லிபுரமும் அப்படித்தான் ஒரு தகரப்பெட்டியும் ஒரு குடையுமாக வந்து சேர்ந்தவர். நல்ல மனிதர். குடை தொலைந்து போயிற்று, பெட்டி இன்னும் இருக்கிறது.

அந்த வீட்டு முன்மண்டபம் பெரியது. வெள்ளாமை வெட்டியதும் நெல்மூட்டைகளை அங்கேதான் அடுக்குவார்கள். சில வருஷங்களுக்கு முன்னர் ஒருநாள் வல்லிபுரம் வந்து, "வெள்ளிக்கிழம பின்னேரத்தில நாலு பெரிய மனிசர் வந்திருந்து கதைச்சிட்டுப் போவாங்க கா. ஒரு தேத்தண்ணி குடுத்தாக் காணும்" என்றார். நாலு பேர் நாற்பது பேரானார்கள். நெல்மூட்டைகள் மாட்டுக்கொட்டிலுக்குப் போயின. மாடு வேலியோரத்துக்குப் போயிற்று.

சபை அங்கே என்ன செய்தது என்று கேட்கக்கூடாது. கூடினார்கள். கூடியதற்கு ஒருவர் நன்றி சொன்னார். நன்றி சொன்னவர் அழகாகச் சொன்னார் என்று இன்னொருவர் நன்றி சொன்னார். பிறகு அடுத்த கூட்டத்தை எப்போது கூட்டுவது என்று தர்க்கம் பண்ணித் தேத்தண்ணி குடித்தார்கள். இலக்கியத்தை விருத்தி செய்வது என்றால் இவ்வளவு தேயிலை வேண்டுமா என்று இலட்சுமிப்பிள்ளை நினைத்துக்கொள்வாள். கேட்பதற்கு வழியில்லை. சபையின் ஏழாவது விதி, கூட்டம் நடக்கையில் ஸ்திரீகள் மண்டபத்தினுள் பிரவேசிக்கலாகாது என்கிறது. கூட்டத்துக்கு முன் கூட்டிப் பெருக்கவும், கூட்டத்துக்குப் பின் வெற்றிலைத் துப்பலைக் கழுவவும் பிரவேசிக்கலாம். விதி எழுதியவர்கள் நியாயவான்கள்.

1938ஆம் ஆண்டு சபைக்கு ஒரு நூற்றாண்டு விழா தேவைப்பட்டது. யாழ்ப்பாணத்தில் யாரோ ஒரு ஆங்கிலக் கவிக்கு யானை வைத்து ஊர்வலம் விட்டார்களாம். கொழும்பில் இரண்டு பேருக்கு விழா எடுத்தார்களாம். நாம் மட்டும் சும்மா இருப்பதா? காரியதரிசி நல்லரத்தினம் மாஸ்டர் தம்முடைய கலைக்களஞ்சியத்தைப் புரட்டினார். பெரிய ஆட்களை எல்லாம் மற்ற ஊர்க்காரர் கொண்டாடித் தீர்த்துவிட்டபடியால், மீதியாய் நின்றவர்களில் ஒருவரைப் பொறுக்கினார். அகஸ்டா தோர்ன்பரி அம்மையார், மகாராணி விக்டோரியா காலத்து நாவலாசிரியை, விமர்சகி. பிறந்தது 1838.

"அம்மையார் பிறந்த பகுதியில்தான் நமது ஏசண்டுத் துரையின் பாட்டியாரும் பிறந்தவர் என்று கேள்வி" என்று மாஸ்டர் சொன்னதும் தலைவர் சாமித்தம்பி முதலியார் நிமிர்ந்து உட்கார்ந்தார். மாவட்டத்தை ஆளும் ஏசண்டுத் துரையின் அலுவலகமான கச்சேரியில் முப்பது வருஷம் துரைமாருக்குக் குனிந்து நிமிர்ந்து இளைப்பாறியவர் அவர். ஒரு பட்டம் பாக்கி இருக்கிறது என்ற நினைப்பு அவருக்கு இன்னும் போகவில்லை.

"அந்த அம்மையாரை நான் சிறு வயது முதலே போற்றி வருகிறேன்" என்றார் முதலியார். "பெயர் என்ன சொன்னீர்கள்?"

லண்டனிலிருந்து அம்மையாரின் நூல்கள் ஒரு பெட்டி நிறைய வந்து இறங்கின. படம் மட்டும் கிடைக்கவில்லை. கோயில் திரைச்சீலைகளுக்குப் படம் தீட்டும் ஓவியனைப் பிடித்து, மாஸ்டர் அம்மையாரின் குணங்களை எடுத்துச் சொன்னார். கூர்மையான பார்வை, அஞ்சாத நெஞ்சம், கையில் பேனா. ஓவியன் தலையாட்டிவிட்டுப் போய், பேச்சியம்மனை வெள்ளை நிறத்தில் தீட்டிக் கொண்டுவந்தான். கவுன் போட்டிருந்தாள். கண் இரண்டும் பிதுங்கி, கையில் பேனாவை வேல்போல ஓங்கியபடி நின்றாள். படத்தைக் கண்ட இலட்சுமிப்பிள்ளையின் கை தானாகவே கும்பிட்டது.

இந்த இடத்தில்தான் ஹமீட் நொத்தாரிசு எழுந்தார். காணி உறுதிப் பத்திரங்கள் எழுதி எழுதிச் சட்டத்தில் ஊறியவர். ஒரு தடை கண்டுபிடிக்காமல் ஒரு கூட்டத்திலும் உட்காரமாட்டார்.

"தலைவர் அவர்களே, ஏழாம் விதிப்படி ஸ்திரீகள் உள்ளே வரப்படாது. படத்தில் இருப்பது ஸ்திரீ. விழா நடக்கையில் படம் உள்ளே இருக்கலாமா?"

 இரண்டு வெள்ளிக்கிழமை இதே தர்க்கம். படத்தை வெளியே மாமரத்தில் கட்டிவிட்டு, ஜன்னல் வழியாகப் பாராட்டலாம் என்றார் ஒருவர். கடைசியில் முதலியார் தீர்ப்பு வழங்கினார்.

"அம்மையார் எழுதத் தொடங்கிய காலத்தில், பத்து வருஷம், ஒகஸ்டஸ் தோர்ன் என்ற ஆண் பெயரில் எழுதியவர். பத்து வருஷம் ஆணாக இருந்து நற்பெயர் எடுத்த ஒருவரை முழு ஸ்திரீ என்று கொள்ள முடியாது. ஆகவே அன்னாரை ஆண் எழுத்தாளர் என்ற தகுதியில் உள்ளே அனுமதிக்கிறோம். ஆனால் கவுன் வெளியே தெரியாதபடி மாலை பெரிதாக இருக்கவேண்டும்."

கைதட்டல் அடுப்படிக்குக் கேட்டது. "ஏனாம் கைதட்டுறாங்க?" என்று இலட்சுமிப்பிள்ளை மகளிடம் கேட்டாள்.

"அந்த அம்மாவ ஆம்புளயாக்கிப்போட்டாங்களாம்" என்றாள் அன்னப்பூரணி. அவள் மிஷன் பள்ளிக்கூடத்தில் எட்டாம் வகுப்பு வரை படித்தவள். பெட்டி வந்த அன்றே, ஒரு புத்தகம் வாசிக்கத் தரமுடியுமா என்று தகப்பன் மூலம் சபையைக் கேட்டுப் பார்த்தாள். ஓரம் மடிந்து ஒட்டியபடி வந்த நூல்களின் தாள்கள் இன்னும் அறுக்கப்படவில்லை, முதல் தாளை அறுக்கும் மரியாதை யாருக்கு என்பதும் தீர்மானிக்கப்படவில்லை என்று சபை பதில் சொல்லிவிட்டது.

அந்த மரியாதைதான் பெரிய வில்லங்கம். யார் முதலில் மாலை போடுவது, யார் முதலில் தாள் அறுப்பது? எங்கள் கோயில்களில் எல்லாம் குடிமுறைதான். குடி என்பது தாய்வழியாக வரும் வம்சம். தாய் எந்தக் குடியோ பிள்ளையும் அந்தக் குடி. முதல் பிரசாதம் எந்தக் குடிக்கு, இரண்டாவது எந்தக் குடிக்கு என்று ஒழுங்கு உண்டு. அது பிசகினால் மண்டை உடையும். இலக்கியச் சபைக்காரர் ஷேர்ட்டும் கோட்டும் போட்டிருந்தாலும் மண்டை அதே மண்டைதான்.

"முறைப்படி பார்த்தால் அம்மையாருடைய குடிக்காரர்தான் முதல் மாலை போடவேண்டும்" என்றார் ஒருவர்.

"அம்மையார் எந்தக் குடி?" என்றார் முதலியார்.

மாஸ்டர் கலைக்களஞ்சியத்தை மறுபடி பார்த்தார். தகப்பன் பாதிரியார் என்று இருந்தது. தாயின் பெயரே இல்லை. தாயின் பெயர் இல்லாமல் ஒருத்தியின் வாழ்க்கையை எழுதிவிட்ட வெள்ளைக்காரனின் அறிவை எண்ணிச் சபை சற்று நேரம் வருந்தியது. பிறகு, ஒவ்வொருவரும் அம்மையாரைத் தம் தம் குடிக்கு இழுத்தார்கள். ஒருவர் அவளுடைய மூக்கு எங்கள் குடி மூக்கு என்றார். அதைத் தீட்டியவன் உங்கள் குடிக்காரன், வேறு என்ன மூக்கு வரும் என்றார் இன்னொருவர். உட்கார்ந்திருந்த கதிரை ஒன்று தூக்கப்பட்டது.

ஹமீட் நொத்தாரிசுதான் சமாதானம் பண்ணினார். "படம் எந்த வீட்டில் நிற்கப்போகிறது? இந்த வீட்டில். ஒரு பெண் இருக்கிற வீட்டைக் கொண்டுதானே அவளுடைய குடியைச் சொல்லுகிறோம்? ஆகவே அம்மையார் இந்த வீட்டுக்காரியின் குடி." யாருக்கும் வெற்றி இல்லாதபடியால் எல்லோருக்கும் பிடித்துப்போயிற்று. தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. இலட்சுமிப்பிள்ளையின் குடிப் பெயரை நான் இங்கே சொல்லப்போவதில்லை. சொன்னால் நாளைக்கு என் வீட்டு வேலி இருக்காது.

படம் நிற்பதற்கு வீடு என்ற பேச்சு வந்ததும் மாஸ்டருக்கு அடுத்த யோசனை உதித்தது. நூற்றாண்டுக்கு நிரந்தரமான ஞாபகச்சின்னம் வேண்டாமா? "தோர்ன்பரி ஞாபகார்த்த மண்டபம்" என்று அவர் உச்சரித்ததும் எல்லோரும் அண்ணாந்து கூரையைப் பார்த்தார்கள். கூரையைப் பார்த்துவிட்டு வல்லிபுரத்தைப் பார்த்தார்கள்.

வல்லிபுரம் அன்றுவரை சபையில் கதிரை தூக்கிப் போடுகிறவர். அவரை யாரும் இப்படி மொத்தமாகப் பார்த்ததில்லை. முதலியார் அவருடைய தோளில் கை வைத்து, "நமது உப தலைவர் என்ன சொல்லுகிறார்?" என்றார். உப தலைவர் என்பது தம்மைத்தான் என்று விளங்க அவருக்குச் சற்று நேரம் பிடித்தது. விளங்கியதும் வீட்டைக் கொடுத்துவிட்டார்.

இலட்சுமிப்பிள்ளை முற்றத்தில் நெல் புடைத்துக்கொண்டிருந்தாள். வல்லிபுரம் வந்து தூணைப் பிடித்தபடி சங்கதியைச் சொன்னார். அவள் கையில் சுளகு நின்றுபோயிற்று.

"இஞ்சேருங்க, வீட்டக் குடுத்துப்போட்டு நாம எங்க இரிக்கிற?"

"முழு வீடும் இல்ல கா. மண்டபமும் முன் அறையும்தான் எடுக்காங்க. நாம பின்னுக்கு இரிக்கலாம். அடுப்படி நமக்குத்தான்."

"முன்வாசல்?"

"அது சபைக்கு."

"கிணறு?"

"கிணறு பொதுவாம்."

"ஆவணியில அன்னப்பூரணிக்குக் கலியாணம். பனிச்சங்கேணிக்காரர் வந்து வீடு எது எண்டு கேட்டா நான் அடுப்படியக் காட்டவா? மாப்பிள்ள அடுப்புக்குள்ளயா படுக்கிற?"

வல்லிபுரம் தூணின் சுண்ணாம்பைச் சுரண்டினார். அவரைப் பார்க்க அவளுக்கு ஆத்திரமும் வந்தது, பாவமாகவும் இருந்தது. இந்த மனிதரை யாராவது ஒரு தடவை மதித்திருந்தால் இவ்வளவு மலிவாகப் போயிருக்கமாட்டார்.

"நீங்க இஞ்ச வரக்குள்ள என்னத்தக் கொண்டு வந்தீங்க?"

"ஒரு தகரப்பெட்டி."

"அதக் குடுங்க சபைக்கு."

ஆனால் மாட்டேன் என்று சொல்வதும் லேசாக இல்லை. முதலியாரே நேரில் வந்தார். உறுதி அவள் பெயரில் இருப்பதால் ஒரு கையொப்பம் வேண்டும், அது வெறும் சம்பிரதாயம் என்றார். ஏசண்டுத் துரை விழாவுக்கு வருகிறார், துரை வருகிற இடத்தில் ஒரு பொம்பிளை முரண்டு பிடித்தாள் என்று பெயர் வரக்கூடாது என்றார். எழும்பிப் போகும்போது, அவளுடைய வயல் கிடக்கிற வவுணதீவு வட்டைக்குத் தண்ணீர் திறக்கிற விதானை தம் மைத்துனன்தான் என்பதையும் சும்மா ஞாபகப்படுத்தினார். தண்ணீர் இல்லாத வயலும் முன்வாசல் இல்லாத வீடும். இரண்டில் எதைப் பிள்ளைக்குக் கொடுப்பது? இலட்சுமிப்பிள்ளைக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. நாலு வருஷம் தேத்தண்ணி ஊற்றியது தன் வீட்டுக்குத் தானே குழி வெட்டியதுபோல ஆயிற்றே என்று நினைத்து நினைத்து அழுதாள்.

படத்துக்கு முன்னால் போய் நின்று, "நீ ஆரு கா? உனக்கு வேற வீடு கிடைக்கல்லயா?" என்றும் கேட்டாள். அம்மையார் கண்ணைப் பிதுக்கிக்கொண்டு நின்றார்.

விழா ஆனி மாதத்துச் சனிக்கிழமை பிற்பகல். மண்டபத்துக்கும் உள்வீட்டுக்கும் நடுவில் ஒரு வெள்ளைச் சீலை தொங்கியது. சீலைக்கு அந்தப் பக்கம் சபை. இந்தப் பக்கம் பெரிய மனிதர்களின் பெண்சாதிமார், பயற்றம் பணியாரம் சுட்டுக்கொண்டு. முதலியாரின் பெண்சாதி ஆச்சிப்பிள்ளை எண்ணெய்ச் சட்டியை எடுத்துக்கொண்டாள். நொத்தாரிசின் பெண்சாதி றபீக்கா பின்வாசலால் வந்து, முக்காட்டைச் சரிசெய்து மாப் பிசையத் தொடங்கினாள்.

ஏசண்டுத் துரை வரவில்லை. கோடைக்கு நுவரெலியா போய்விட்டாராம். ஆனால் அவருக்கென்று போட்ட சாய்மனைக் கதிரை இருந்தது. சபை சளைக்கவில்லை. முதல் மாலையைக் கதிரைக்குப் போட்டார்கள். முதலியார் கதிரையின் பக்கம் திரும்பிக் குனிந்து, "மாட்சிமை தங்கிய தங்கள் பிரசன்னத்தால்" என்று தொடங்கி வரவேற்புரையை முழுவதுமாக வாசித்தார்.

"இச்சபை ஸ்திரீகளின் எழுத்தை என்றும் ஆதரிக்கும். அவர்கள் கற்புடையவர்களாகவும், இங்கிலாந்தில் உள்ளவர்களாகவும், காலஞ்சென்றவர்களாகவும் இருத்தல் வேண்டும். நமது பெண்களும் இவ்வம்மையாரைப் பார்த்துப் படிக்கவேண்டும். படிப்பதற்கு அவர்கள் பள்ளிக்கூடம் போகவேண்டியதில்லை. சீலைக்குப் பின்னால் நின்று கேட்டாலே போதும்."

கதிரை ஆட்சேபிக்கவில்லை.

பிறகு தாள் அறுப்பு விழா. வெள்ளித்தட்டில் புத்தகம் வந்தது. அறுப்பதற்கு ஒரு பாக்குவெட்டி, பட்டுத்துணியில் சுற்றி. வீட்டுக் குடியைச் சேர்ந்த ஆண் என்று இலட்சுமிப்பிள்ளையின் தூரத்துத் தம்பி ஒருவரைத் தேடிப் பிடித்து முதல் தாளை அறுக்கவைத்தார்கள். அவர் தாளைக் குறுக்கே வெட்டிவிட்டார். இரண்டாம் தாள் தலைவருக்கு, மூன்றாம் தாள் நொத்தாரிசுக்கு. அப்படியே குடிக்கொரு தாளாகப் போய், கடைசி வரிசைக்காரர் அட்டையைக் கொஞ்சம் வெட்டினார். யாரும் ஒரு வரி வாசிக்கவில்லை. அறுத்தவர் கண்ணில் ஒற்றிக்கொண்டு அடுத்தவரிடம் கொடுத்தார்.

அதன்பின் நல்லரத்தினம் மாஸ்டர் அம்மையாரின் வாழ்க்கையையும் பணியையும் விரித்துரைக்க எழுந்தார். கலைக்களஞ்சியத்தில் இருந்ததை அப்படியே தமிழாக்கிக் கொண்டுவந்திருந்தார். தமிழாக்குவதில் மூழ்கியபடியால் அதில் என்ன இருக்கிறது என்று கவனிக்க அவருக்கு நேரம் இருந்திருக்காது.

"அம்மையார் இளமையிலே தாயை இழந்தார். பாதிரியாரான தந்தைக்கும் நான்கு சகோதரர்களுக்கும் அன்னம் அளித்தது அவருடைய பேனாவே. பகல் முழுதும் பிறர் நூல்களை விமர்சித்து, கூலி பெற்று, அக்கூலியைச் சேமித்துத் தமக்கென ஓர் இல்லம் வாங்கினார். தமது இருபத்தெட்டாம் வயதில் திருமணம் புரிந்தார். அக்காலத்து ஆங்கிலச் சட்டப்படி, திருமணமான அக்கணமே அவ்வில்லம் கணவருக்குச் சொந்தமாயிற்று."

சீலைக்குப் பின்னால் ஆச்சிப்பிள்ளையின் அகப்பை எண்ணெயில் அப்படியே நின்றது.

"என்னவாம்? கலியாணம் முடிச்சா வீடு புருசனுக்காமா?"

"அவ வாங்கின ஊடுதானே?" என்றாள் றபீக்கா. "எண்ட றப்பே! அப்பிடியும் ஒரு ஊர் இரிக்கா?"

"அப்ப அந்த மனிசன் எங்க இருந்தவராம்?"

"அவட வீட்டத்தான்" என்றாள் இலட்சுமிப்பிள்ளை. 

மாஸ்டர் தண்ணீர் குடித்துவிட்டுத் தொடர்ந்தார்.

"கணவர் பொதுநலம் மிக்கவர். நகரத்துக் கனவான்கள் தம்மை உப தலைவராக்கியதும், அவ்வில்லத்தைப் பழங்காசு ஆராய்ச்சிக் கழகத்துக்கு நன்கொடையாக வழங்கினார். கழக விதிப்படி பெண்கள் உட்செல்ல இயலாமையால், அம்மையார் பின்கட்டில் வசித்தார். இக்காலத்தில்தான் அவருடைய புகழ்பெற்ற விமர்சனம் வெளிவந்தது. கழகத்தின் ஆண்டறிக்கையை ஒரு நாவலாகப் பாவித்து அம்மையார் எழுதுகிறார்: இந்நூலில் மனிதர் ஒருவரும் இல்லை. கதிரைகள் மட்டும் ஒன்றையொன்று பாராட்டிக்கொள்கின்றன."

சபை பலமாகக் கைதட்டியது. முதலியார் துரையின் கதிரையைப் பார்த்து, எப்படி என்பதுபோலத் தலையசைத்தார். வல்லிபுரம் மட்டும் தட்டவில்லை. புது உப தலைவர் கதிரையின் நுனிக்கு வந்துவிட்டார்.

"வீடு மீளாமலே அம்மையார் காலமானார். நாம் அன்னாருக்கு இன்று ஒரு வீடு தருகிறோம்" என்று மாஸ்டர் முடித்தார். ஹமீட் நொத்தாரிசு உறுதியையும் மைக்கூட்டையும் தூக்கிக்கொண்டு வந்து சீலைக்கு வெளியே நின்றார். "இலட்சுமிப்பிள்ளை, கையை மட்டும் வெளியில நீட்டினாக் காணும்."

கை வரவில்லை. சீலை விலகியது. இலட்சுமிப்பிள்ளை முழுதாக வந்தாள்.

"விதி ஏழு!" என்று மாஸ்டர் கத்தினார். "விதி ஏழு!"

"மாஸ்டர், நீங்க சொன்ன அந்த அம்மா எங்கட குடிதானே?"

"ஏகமனதாக நிறைவேறிய தீர்மானம்" என்றார் மாஸ்டர் உடனே.

"அப்ப எனக்கு அக்கா முறை. எங்கட அக்காட வீட்ட அவட புருசன் குடுத்ததுக்கு நீங்க எல்லாரும் கைதட்டினீங்க. எனக்குச் சீலைக்குப் பின்னால கேட்டது." அவள் முதலியாரின் பக்கம் திரும்பினாள்.  "சரி, நான் ஒப்பம் வைக்கிறன். ஆனா மரியாத முற பிழைக்கப்படாது. மாலைக்கும் தாளுக்கும் பாத்த முற வீட்டுக்கும் இரிக்கணும். நான் கடைசி ஆள். முதல்ல தலைவர் ஐயா அவர் இரிக்கிற வீட்டச் சபைக்கு எழுதட்டும். அடுத்தது நொத்தாரிசு. அதுக்குப் பிறகு மாஸ்டர். வரிசப்படி வந்து முடிய நான் வைக்கிறன்."

 அங்கே இருந்த நாற்பது பேரும் பெண்சாதி வீட்டில் இருக்கிறவர்கள். சாமித்தம்பி முதலியார் முப்பத்தைந்து வருஷமாக ஆச்சிப்பிள்ளையின் வீட்டில் இருக்கிறார். வாசல் பலகையில் தம்முடைய பெயரை எழுதிவைத்திருக்கிறார், அவ்வளவுதான்.

சீலை மறுபடி விலகியது. ஆச்சிப்பிள்ளை, கையில் எண்ணெய் சொட்டும் அகப்பையோடு.

"எழுதுங்க" என்றாள் புருஷனிடம். "எழுதுங்க, பாப்பம்."

முதலியார் தொண்டையைச் செருமினார். "இது... இது ஆழ்ந்து பரிசீலிக்கவேண்டிய விஷயம். ஓர் உபகுழு..."

"எந்தக் குழுவும் வேணாம். எண்ட வீட்டுக்குள்ள வந்து படுக்கிற யோசன இரிக்கா, இல்லயா? அத மட்டும் சொல்லுங்க. தண்ணியச் சொல்லி நீங்க இவவ வெருட்டினது எனக்குத் தெரியும். எண்ட தம்பிதான் வட்டைக்குத் தண்ணி தாறவன். இவட வயலுக்கு ஒரு நாள் தண்ணி நிண்டா எண்ட வீட்டில உங்களுக்குச் சோறு நிக்கும்."

சீலைக்குப் பின்னாலிருந்து றபீக்காவின் குரல் மட்டும் வந்தது. அவள் உள்ளே வரவில்லை, வரவேண்டியும் இருக்கவில்லை. "இஞ்சேங்க, அந்தப் பேனய மூடுங்க. இல்லாட்டி இண்டைக்குப் பள்ளிவாசல்ல போய்ப் படுங்க."

ஹமீட் நொத்தாரிசு பேனாவை மூடினார். அவ்வளவு சட்டம் தெரிந்தவர் ஒரு தடையும் எழுப்பவில்லை.

"சபை ஒத்திவைக்கப்படுகிறது" என்று முதலியார் துரையின் கதிரையிடம் அறிவித்தார். கனவான்கள் செருப்பைத் தேடினார்கள். மாஸ்டர் ஒரு கையில் படத்தைத் தூக்கிக்கொண்டு, மறுகையால் புத்தகப் பெட்டியை இழுத்தார்.

"அது நிக்கட்டும்" என்றாள் இலட்சுமிப்பிள்ளை.

"இவை சபையின் உடைமை!"

"எங்கட குடிப் பொம்புள. அவட புத்தகம் அவவோட. ஒரு வீட்ட ஆம்புளயள் பறிச்சது காணும், சாமான் சக்கட்டயுமா பறிக்கிற? அவ இஞ்ச இரிக்கட்டும். நீங்க போங்க."

மாஸ்டர் படத்தைப் பார்த்தார். மாலை சரிந்து, கவுன் முழுவதும் தெரிந்தது. ஓங்கிய பேனா அவருடைய மூக்குக்கு நேரே இருந்தது. வைத்துவிட்டுப் போனார்.

வல்லிபுரம் மட்டும் மிஞ்சினார். போவதா நிற்பதா என்று தெரியாமல் உப தலைவர் கதிரையைத் தூக்குவதும் வைப்பதுமாக நின்றார். "மாட்டுக்கொட்டிலுக்குள்ள நெல்லு கிடக்கு" என்றாள் இலட்சுமிப்பிள்ளை, அவரைப் பாராமல். அவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடினார். இருட்டுவதற்குள் எல்லா மூட்டைகளும் மண்டபத்துக்கு வந்து சேர்ந்தன. இவ்வளவு சுறுசுறுப்பாக அவர் வேலை செய்து அவள் கண்டதில்லை.

சபை ஒழிந்துபோயிற்று என்று நினைக்கவேண்டாம். சபைகள் அப்படி ஒழிவதில்லை. வீடு வீடாக இடம் கேட்டுப் பார்த்தார்கள். எந்தப் பெண்சாதியும் கொடுக்கவில்லை. கடைசியில் தோணித்துறையில் கூடி, இடம் தந்த வாவிக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தபோது, மீன்காரர் வலை உலர்த்தவேண்டும் என்று எழுப்பிவிட்டார்கள். அடுத்த கூட்டத்தை எங்கே கூட்டுவது என்று இன்னமும் தர்க்கிக்கிறார்களாம். பாக்குவெட்டி அன்னப்பூரணியிடம் இருந்தது. அவள் ஒவ்வொரு தாளாக நேரே அறுத்து, எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கினாள். சில பக்கங்களில் தனியே சிரிப்பாள். என்ன என்று தாய் கேட்டால், "பெரியம்மா ஆரையோ ஏசுறா" என்பாள்.

ஆவணியில் கலியாணம் நடந்தது. பனிச்சங்கேணி மாப்பிள்ளை ஒரு தோற்பெட்டியோடு முன்வாசலால் வந்தார். மண்டபத்தில் உட்காரவைத்தார்கள். எதிரே சுவரில், புதுமாலையோடு, பிதுங்கிய கண்ணும் ஓங்கிய பேனாவுமாக அவள். மாப்பிள்ளை மெதுவாக மணப்பெண்ணின் பக்கம் சாய்ந்தார்.

"இது என்ன சாமி?"

"சாமி இல்ல. எங்கட பெரியம்மா, எங்கட குடி. சீமையில இருந்தவ" என்றாள் அன்னப்பூரணி. "அவட வீட்ட அவட புருசன் ஒரு சபைக்குக் குடுத்துப்போட்டார்."

மாப்பிள்ளை படத்தைப் பார்த்தார். படம் மாப்பிள்ளையைப் பார்த்தது.

"நான் ஒரு சபையிலயும் இல்ல புள்ள" என்றார்.